நான்கு எழுத்து, ஐந்து புள்ளி

கேள்வி: எனக்கு வயது 61. ஊர் காயல்பட்டினம். என் உம்மாவின் பெயர் செய்னம்பு. அது ஊரார் வாயில் வழங்கியது. ரேஷன் அட்டையில் சைனம்பு பீவி, ஆதாரில் ஜைனம்பு, சென்ற ஆண்டு உம்மா மௌத்தானபோது பள்ளிவாசல் அறிவிப்பில் ஸைனப் பீவி. தம்மாமில் வேலை பார்க்கும் என் மகனுக்குப் பெண் குழந்தை பிறந்து பத்து நாள் ஆகிறது. பெத்தும்மா (பாட்டி) பெயரைத்தான் வைக்க வேண்டும் என்கிறான். மருமகளுக்கும் சம்மதம்தான். ஆனால் கைப்பேசியில் பொருள் தேடப் போய்க் குழம்பிவிட்டாள். ஓரிடத்தில் ‘தந்தையின் அலங்காரம்’, இன்னோரிடத்தில் ‘மணமுள்ள மலர்’, மூன்றாவது இடத்தில் ‘கொழுத்தவள்’ என்று இருக்கிறதாம். சம்பந்தியம்மாவோ, ‘கர்பலாவில் எல்லாரையும் பறிகொடுத்தவரின் பெயர், பிள்ளைக்குத் துயரம் தொடரும்’ என்கிறார். என் ராத்தா (அக்கா), ‘உம்மாவின் பெயர் செய்னம்பு, ஸைனப் என்று வைத்தால் அது வேறு யாருடைய பெயரோ’ என்று சண்டைக்கு நிற்கிறாள். அகீகாவை (பிள்ளை பிறந்ததற்கு அறுத்துக் கொடுக்கும் சடங்கை) 21ஆம் நாளுக்குத் தள்ளி வைத்திருக்கிறோம். இந்தப் பெயருக்கு உண்மையில் என்ன பொருள்? வைக்கலாமா? எப்படி எழுதுவது?

(பெயர் வெளியிட விரும்பாத வாசகி)

அன்புச் சகோதரிக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

முப்பது ஆண்டுகள் கல்லூரியில் அரபு கற்பித்தேன். ஓய்வு பெற்ற பிறகு பிறப்புச் சான்றிதழ், திருமணப் பதிவு, படிப்புச் சான்றிதழ் என்று அரபியில் பெயர்த்துக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன். உங்கள் உம்மாவின் பெயர் எத்தனை வேடத்தில் என் மேசைக்கு வந்திருக்கிறது என்று எண்ணியதில்லை. நீங்கள் எழுதிய நான்கும் எனக்குப் பழக்கம். ஜெய்னம்பு என்று ஐந்தாவது ஒன்றும் உண்டு.

முதலில் மருமகளின் கைப்பேசியைப் பார்த்துவிடுவோம். அவள் பார்த்த மூன்றில், மலர் என்பதை மரம் என்று திருத்திக்கொண்டால், மூன்றுமே பழைய அகராதிகளில் இருப்பவைதாம். நான்காவது ஒன்றும் இருக்கிறது. அது அவள் கண்ணில் படாமல் போனது நல்லதாயிற்று. தேளின் கொடுக்கு.

பதற வேண்டாம், விளக்குகிறேன். அரபு அகராதிகளில் பெரியதாக மதிக்கப்படும் லிஸானுல் அரப், இப்னு மன்ளூர் தொகுத்தது. அவர் இறந்தது 1311-இல். அதில் ஒரு சொல்லைத் தேடுவதே தனி வித்தை. வேர்ச்சொல்லின் கடைசி எழுத்தைக் கொண்டுதான் பக்கத்தைப் பிடிக்க வேண்டும். ஸைனப் என்பதன் வேர் ஸா, நூன், பா. கடைசி எழுத்து பா என்பதால் முதல் தொகுதியிலேயே கிடைத்துவிடும். அங்கே ‘ஸைனப்: பார்வைக்கு அழகான, நறுமணமுள்ள மரம், பெண்ணுக்கு அதனால்தான் இப்பெயர்’ என்ற கருத்து, இப்னுல் அஃராபி என்ற பழைய மொழியறிஞரின் பெயரால் பதிவாகியிருக்கிறது. ‘ஸனிப’ என்றால் சதை பிடித்தது என்றும், பெயர் அதிலிருந்து வந்தது என்றும் அதே இடத்தில் இருக்கிறது. நூறு ஆண்டு கழித்து அல்காமூஸ் அகராதியை எழுதிய ஃபைரூஸாபாதி இந்த இரண்டோடு தேள் கொடுக்கையும் சேர்த்து, கடைசியாகத்தான் ‘அல்லது இதன் மூலம் ஸைன் அப்’ என்று முடிக்கிறார். ஸைன் என்றால் அலங்காரம், அப் என்றால் தந்தை. கைப்பேசி முதலில் காட்டியது, அகராதிக்காரர் கடைசியில் ஒட்ட வைத்தது.

நான் எந்தப் பக்கம் என்று கேட்டால், மரத்தின் பக்கம். தந்தையின் அலங்காரம் என்பது கேட்க இனிமையாக இருக்கிறது. குறிப்பாக ஷியா மக்களிடம், அலி (ரலி) அவர்களின் மகள் பெயர் என்ற நினைவோடு இந்த விளக்கம் மிகப் பிரியமாக வழங்குகிறது. ஆனால் இலக்கணம் இடிக்கிறது. அப்துல்லாஹ் போன்ற கூட்டுப் பெயர்களில் வேற்றுமை மாறும்போது முதற்பாதி மாறும்: அப்துல்லாஹ், அப்தல்லாஹ், அப்தில்லாஹ். ஸைனபில் அப்படி நடப்பதில்லை. ஸைனபு, ஸைனப என்று கடைசியில்தான் மாறுகிறது. அதாவது, அரபிகளின் காதுக்கு இது இரண்டு சொல் ஒட்டியதாக இல்லை, ஒரே சொல்லாகவே இருந்து வருகிறது. தவிர, இது ‘ஃபைஅல்’ என்ற வார்ப்பு. ஹைதர், ஃபைஸல் இரண்டும் இதே அச்சில் வார்த்தவை. ஹைதர் என்ற பெயரை ‘ஹை’ தனி, ‘தர்’ தனி என்று யாராவது பிரித்துப் பொருள் தேடுவார்களா? உங்கள் தெருவில் ஜெயினுலாப்தீன் யாராவது நிச்சயம் இருப்பார். அந்தப் பெயரின் தொடக்கத்தில் இருப்பதுதான் அலங்காரம் என்ற ஸைன். வணக்கசாலிகளின் அலங்காரம் என்று பொருள். காதுக்கு ஒன்றுபோலக் கேட்பதால் இரண்டையும் முடிச்சுப் போட்டுவிட்டார்கள் என்றே நினைக்கிறேன்.

இன்ன மரம் என்று அந்த அகராதிக் குறிப்பு கை காட்டவில்லை. அழகு, மணம், அவ்வளவுதான். இதில் குறைப்பட ஒன்றுமில்லை. தல்ஹா என்பது பாலையில் வளரும் முள்மரம். ஸலமா, ஸமுரா இரண்டும் மரத்தின் பெயர்கள். ஹன்ளலா என்பது நம் ஊர் ஆற்றுத்தும்மட்டி, கடிக்கவே முடியாத கசப்பு. அர்வா என்றால் மலையாட்டுப் பெண். கூடாரத்துக்கு வெளியே தலை நீட்டினால் கண்ணில் படுவதையெல்லாம் பிள்ளைக்குப் பெயராக வைத்தவர்கள் அந்த மக்கள். குப்பம்மாள் என்று பெயர் வைத்து, எமன் இதைத் தொடமாட்டான் என்று நம்பிய ஊர்க்காரர்கள் நாம். நமக்கு இது புரியாமல் போகாது.

கொழுத்தவள் என்பதற்கும் ஒரு வார்த்தை. ஈச்சம்பழமும் ஒட்டகப் பாலும் கிடைத்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை என்ற நிலத்தில் சதைப்பிடிப்பு என்பது ஏச்சு இல்லை. நம் பாட்டிமார்கள் பெண் பார்த்துவிட்டு வந்து ‘பூசினாற்போல் இருக்கிறாள்’ என்று நிறைவோடு சொல்வார்களே, அந்தத் தொனியில் எடுத்துக்கொள்ளுங்கள். தேள் கொடுக்குக்கு என்னிடம் சமாதானம் இல்லை. அகராதிக்காரர்களுக்குச் சில நேரம் தங்கள் கல்வியைக் காட்டும் ஆசை வந்துவிடும்.

இவ்வளவும் சொன்ன பிறகு ஒன்றை வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன். பெயருக்குப் பொருள் தேடும் இந்தப் பழக்கம் நம்மிடம் அளவு மீறிப் போய்விட்டது. பொருளைப் பார்த்துத்தான் பெயர் வைப்பேன் என்பவர்கள், முதலில் ஃபாத்திமாவையும் கதீஜாவையும் அல்லவா ஒதுக்க வேண்டும்? ஃபாத்திமா என்றால் தாய்ப்பால் மறந்தவள், அல்லது மறக்கச் செய்பவள். கதீஜா என்பதன் வேர் குறைமாதப் பிறப்பைக் குறிப்பது. நாள் நிறையுமுன் குட்டி போட்ட ஒட்டகத்துக்கு வழங்கும் சொல் அதிலிருந்து வருகிறது. இந்தப் பெயர்கள் வீட்டுக்கு வீடு இருப்பதற்குக் காரணம் அகராதி இல்லை. அவற்றைச் சுமந்து வாழ்ந்த இரண்டு பெண்கள், நபிகளாரின் மகளும் துணைவியும்.

ஸைனப் விஷயத்தில் இதற்கு நேரான சான்றே இருக்கிறது. நபிகளாரின் துணைவி உம்மு ஸலமா (ரலி) அவர்களுக்கு முந்தைய கணவர் மூலம் ஒரு மகள். அந்தப் பெண்ணின் பெயர் பர்ரா. பர்ரா என்றால் நன்மையே உருவானவள், பக்திமதி. பொருள் என்று பார்த்தால் இதைவிட உயர்ந்த பெயர் கிடைக்குமா? நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அதை மாற்றச் சொன்னார்கள். உங்களை நீங்களே பரிசுத்தப்படுத்திக்கொள்ளாதீர்கள், உங்களில் நல்லவர் யார் என்பதை அல்லாஹ் அறிவான் என்று காரணமும் சொன்னார்கள். அப்படியானால் என்ன பெயர் வைப்பது என்று கேட்டதற்குக் கிடைத்த பதில், ‘ஸைனப் என்று வையுங்கள்’. முஸ்லிம் என்ற ஹதீஸ் தொகுப்பில் இருக்கிறது. நபிகளாரின் துணைவியான ஸைனப் பின்த் ஜஹ்ஷ் (ரலி) அவர்களுக்கும் முதலில் பர்ரா என்ற பெயர்தான் இருந்தது, அதுவும் இப்படித்தான் மாறியது. பெரிய பொருளுள்ள பெயரை எடுத்துவிட்டு, ஒரு மரத்தின் பெயரை வைத்திருக்கிறார்கள். மருமகளிடம் இந்த ஒன்றை மட்டும் சொன்னால் போதும். நான் மேலே எழுதிய அகராதிக் கதை எல்லாம் என் தொழில் புத்தி.

கெட்ட பொருளுள்ள பெயரை மாற்றிய நிகழ்ச்சிகளும் உண்டு, மறுக்கவில்லை. ஆஸியா என்ற பெண்ணுக்கு ஜமீலா என்று மாற்றி வைத்தார்கள். இதைப் படித்துவிட்டு, ஆசியா என்ற பெயருள்ள ஒரு பெண் தன் பெயரை அரசிதழில் மாற்றுவதற்காக என்னிடம் வந்தார். நல்லவேளை, கையெழுத்துப் போடுமுன் வந்தார். மாற்றப்பட்ட பெயர் ஐன் எழுத்தும் ஸாத் எழுத்தும் உள்ளது. மாறு செய்பவள் என்று பொருள். எகிப்து மன்னன் ஃபிர்அவ்னின் மனைவி ஆஸியாவின் பெயர் அலிஃபும் ஸீனும் உள்ளது, முற்றிலும் வேறு. தமிழில் இரண்டும் ஒன்றாகத் தெரிந்துவிடுகிறது. தமிழ் எழுத்தை வைத்துக்கொண்டு அரபுப் பெயருக்குத் தீர்ப்புச் சொல்லும் யாரையும் நம்பாதீர்கள், என்னைப்போல ஆளானாலும்.

இப்போது சம்பந்தியம்மாவின் அச்சம். இதை நான் சிரித்து ஒதுக்கமாட்டேன். பேத்தி மேல் உள்ள பயம் அது. அலி (ரலி), ஃபாத்திமா (ரலி) இருவரின் மகள் ஸைனப் அவர்கள் ஹிஜ்ரி 61, முஹர்ரம் 10 அன்று, அதாவது 680-இல், கர்பலா போரில் அண்ணன் ஹுஸைனையும் தாம் பெற்ற மகனையும் பறிகொடுத்தார்கள். கைதியாக கூஃபாவுக்கும் அங்கிருந்து திமிஷ்குக்கும் (டமாஸ்கஸ்) கொண்டுபோகப்பட்டார்கள். துயரங்களின் தாய் என்றே அவர்களுக்கு ஒரு பட்டம் இருக்கிறது. இதுவரை சம்பந்தியம்மா சொல்வது சரி. ஆனால் அவர் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டார்.

கூஃபாவின் ஆளுநர் இப்னு ஸியாத் சபையில், உயிரோடு மிஞ்சிய ஹுஸைனின் மகனையும் கொல்லும்படி கட்டளை பிறக்கிறது. ஸைனப் அவனைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, கொல்வதானால் என்னையும் சேர்த்துக் கொல் என்கிறார்கள். பிள்ளை பிழைக்கிறான். நான் முன்பு சொன்ன ஜெயினுலாப்தீன் என்ற பெயரின் மூலவர் அவர்தான். திமிஷ்கில் கலீஃபா யஸீதின் சபையில் ஒருவன் எழுந்து, அந்தக் குடும்பத்துப் பெண் ஒருத்தியைத் தனக்குத் தரும்படி கேட்கிறான். ‘அந்த உரிமை உனக்கும் இல்லை, அவனுக்கும் இல்லை’ என்று அரியணையில் இருப்பவனையும் சேர்த்து எதிர்த்துப் பேசியவர்கள் இவர்கள். கைதியாக நின்று பேசிய பேச்சு. ஈரானில் இவர்களுடைய பிறந்தநாளைத்தான் செவிலியர் நாளாகக் கொண்டாடுகிறார்கள். துயரத்தில் கிடந்தவர் என்பதற்காக இல்லை, காயம்பட்டவர்களைத் தாங்கி நின்றவர் என்பதற்காக.

ஷியாக்களின் பெயரோ என்ற தயக்கம் யாருக்காவது இருந்தால், கெய்ரோவைப் பார்க்கச் சொல்லுங்கள். ஸுன்னிகளின் நகரம். அங்கே ஒரு பேட்டைக்கே ஸைய்யிதா ஸைனப் என்று பெயர். அவர்கள் பெயரிலான பள்ளிவாசலில் ரஜப் மாதத்தில் மவ்லித் (பிறந்தநாள்) விழா நடக்கும்போது ஊரே அங்கே திரளும். திமிஷ்குக்குத் தெற்கே இன்னொரு அடக்கத்தலம், அந்த ஊருக்கும் அதே பெயர். எங்கே அடக்கமானார்கள் என்று இரண்டு நகரமும் உரிமை கொண்டாடுகின்றன. நம் பிள்ளைக்குத் துரதிர்ஷ்டம் ஒட்டிக்கொள்ளும் என்று அங்கே யாரும் இந்தப் பெயரைத் தவிர்ப்பதில்லை. பெயரிலும் பறவையிலும் சகுனம் பார்ப்பதை நம் மார்க்கம் விலக்கியிருக்கிறது என்பதைச் சம்பந்தியம்மாவிடம் நீங்கள் சொல்ல வேண்டாம். சம்பந்திகளிடையே அது உபதேசமாகப் போய்விடும். உங்கள் மகன் சொல்லட்டும்.

கர்பலா ஸைனபுக்கு முன்பே இந்தப் பெயரில் இருந்தவர்களையும் அவருக்கு நினைவூட்டலாம். நபிகளாரின் மூத்த மகள் பெயர் ஸைனப். பத்ரு போரில் அவர்களுடைய கணவர் அபுல் ஆஸ் மக்கத்துப் படையில் வந்து சிறைப்பட்டார். அவரை மீட்க மனைவி அனுப்பிய பொருள்களில் ஒரு கழுத்தணி இருந்தது. கல்யாணத்தின்போது தாய் கதீஜா மகளுக்குப் போட்டு அனுப்பியது. அதைக் கண்டதும் நபிகளாருக்கு மனம் இளகிவிட்டது. நீங்கள் சம்மதித்தால் கைதியை விட்டுவிட்டு அவளுடைய பொருளையும் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்று தோழர்களைக் கேட்டார்கள். தோழர்களும் அப்படியே செய்தார்கள். அந்த ஸைனபின் மகள் உமாமா. தொழும்போது நபிகளார் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு, ஸஜ்தாவுக்குப் போகையில் இறக்கி, எழும்போது மீண்டும் தூக்கிக்கொண்ட பேத்தி அவள்தான்.

நபிகளாரின் துணைவியரில் இரண்டு ஸைனப்கள். குஸைமாவின் மகள் ஸைனபுக்கு ஏழைகளின் தாய் என்ற பெயர். ஜஹ்ஷின் மகள் ஸைனபைப் பற்றிய கதை எனக்கு மிகவும் பிடித்தது. ‘உங்களில் யாருக்குக் கை நீளமோ அவர்தான் எனக்குப் பின் முதலில் என்னை வந்தடைவார்’ என்று நபிகளார் சொல்லக் கேட்ட துணைவியர், ஒரு நாணல் குச்சியை எடுத்து யார் கை நீளம் என்று அளந்து பார்த்தார்களாம். ஸவ்தா அவர்களின் கைதான் நீளமாக இருந்தது. ஆனால் ஹிஜ்ரி 20-இல் முதலில் இறந்தது ஸைனப். தோல் பதனிட்டுத் தைத்து, அந்தக் கைக்காசைத் தர்மம் செய்துவந்தவர். நீளம் என்று சொன்னது கொடுக்கும் கையின் நீளத்தை என்று அப்போதுதான் மற்றவர்களுக்குப் பிடிபட்டது.

இன்னும் ஒருவரைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. திமிஷ்கில் ஸைனப் பின்த் அல்கமால் என்ற ஹதீஸ் அறிஞர், 1339-இல் தொண்ணூறைத் தாண்டிய வயதில் இறந்தவர். கல்யாணமே செய்துகொள்ளவில்லை. ஒட்டகச் சுமை அளவுக்கு ஏடுகளைக் கற்பிக்கும் அனுமதி அவரிடம் இருந்தது என்று எழுதியிருக்கிறார்கள். 1326-இல் அந்த நகருக்கு வந்த இளைஞன் ஒருவனுக்கும் அந்த அனுமதியை, அதாவது இஜாஸா, கொடுத்தார். அந்த இளைஞன் உலகப் பயணி இப்னு பதூதா. பிற்காலத்தில் மாலத்தீவு, இலங்கை எல்லாம் சுற்றிவிட்டு, கப்பல் சேதப்பட்டு நம் மாபர் (சோழமண்டல) கரையில் இறங்கி மதுரை சுல்தானின் விருந்தாளியாக இருந்தவன் அவனேதான். ஒரு ஸைனபிடம் பாடம் கேட்டவன் நம் மண்ணில் நடந்திருக்கிறான் என்று நினைக்க எனக்கு ஒரு சின்ன சந்தோஷம்.

கைப்பேசியில் தத்மூர் (பல்மைரா) நகரத்துப் பழைய அரசி ஸெனோபியாவும் வந்து நிற்பாள், ‘அவள் பெயரும் ஸைனப்தான்’ என்று. நம்ப வேண்டாம். அவள் நாட்டுக் கல்வெட்டுகளில் அவள் பெயர் பத் ஸப்பை.

இனி உங்கள் ராத்தா. அவர் கோபத்தில் நியாயம் இருக்கிறது, ஆனால் முடிவு தவறு. செய்னம்பு வேறு பெயரில்லை, ஸைனப் தமிழில் குடியேறி வீடு கட்டிக்கொண்ட உருவம். துருக்கியில் இது ஸெய்னெப், அங்கே பெண் குழந்தைகளுக்கு மிக அதிகமாக வைக்கும் பெயர்களில் ஒன்று. போஸ்னியாவில் ஸெய்னெபா. செனகலில் ஸெய்னபூ. சோமாலியாவில் ஸய்னப். மலையாளத்தில் ஸைனபா. போன இடமெல்லாம் அந்தந்த ஊர் நாக்கு இதைத் தனக்கு ஏற்றபடி திருப்பிக்கொண்டது.

நம் நாக்கு செய்த வேலையைக் கொஞ்சம் கவனியுங்கள், இது தற்செயல் இல்லை. தமிழில் ஸ இல்லை, ச உண்டு. ஆனால் சகரம் அ, ஐ, ஔ என்ற மூன்று உயிரோடு சேர்ந்து சொல்லின் முதலில் வராது என்று தொல்காப்பியம் சொல்கிறது. பிற்காலத்தில் அது தளர்ந்துவிட்டாலும் பழக்கம் நாக்கில் இருந்தது. அதனால்தான் ஸைய்யித் நம்மிடம் செய்யது ஆனது. அதே வழியில் ஸைனப் ‘செய்ன’ என்று தொடங்கியது. முடிவில் வரும் ‘ம்பு’ பற்றி என் கணிப்பு இது. அரபியின் பா மென்மையான ஒலி, ‘அப்பா’வில் வரும் வல்லொலி இல்லை. செய்னப்பு என்று எழுதினால் வல்லொலியாக அழுத்திவிடும். மெல்லெழுத்துக்குப் பின்னால் வரும் பகரம் தமிழில் எப்போதும் மென்மையாக ஒலிக்கும்: தம்பி, அம்பு, கரும்பு. ஆக, பெயரைச் சிதைப்பதற்காக அந்த மகரம் நுழையவில்லை. அரபு ஒலியைக் காப்பாற்றவே நுழைந்தது. ஸைனாப் என்று நீட்டியும் ஜைனப் என்று அழுத்தியும் படித்தவர்கள் சொல்வதைவிட, உங்கள் ராத்தா சொல்லும் செய்னம்பு அந்தக் கடைசி எழுத்துக்கு உண்மையாக இருக்கிறது. இதை அவரிடம் படித்துக் காட்டுங்கள்.

காகிதத்தில் மட்டும் அவர் விட்டுக்கொடுக்க வேண்டும். காரணம் இதுதான். ஓர் அம்மா உம்ராவுக்குப் புறப்பட்டார். அவருடைய பாஸ்போர்ட்டில் ஆங்கிலத்தில் சைனாம்பு என்று படிக்கும்படி எழுத்துகள் இருந்தன. விசா தயாரித்த இடத்தில் அந்த ஆங்கிலத்தைப் பார்த்து அரபியில் எழுதினார்கள். வந்த பெயர் ஸீனாம்பூ. ஜித்தாவில் கவுன்டரில் இருந்தவர் அதை இரண்டு முறை வாய்விட்டுப் படித்துவிட்டு, இது எந்த நாட்டுப் பெயர் என்று கேட்டாராம். ‘என் பெயர் ஸைனப்’ என்று அவர் சொன்னதும், அதை ஏன் எழுதவில்லை என்று சிரித்துவிட்டு முத்திரை போட்டார். அரபுப் பெயர் அரபு நாட்டுக்குப் போய் அந்நியப் பெயராகி நின்றது. உங்கள் பேத்தி தம்மாமில் வளரப் போகிறவள். இகாமாவிலும் (அங்கே தங்கும் அனுமதி அட்டை) பள்ளிப் பதிவேட்டிலும் அரபு எழுத்து இருக்கும். அதனால் தமிழில் ஸைனப். ஆங்கிலத்தில் இசட், ஏ, ஐ, என், ஏ, பி என்ற ஆறு எழுத்து, அதற்கு மேல் ஒன்றும் வேண்டாம். எஸ் வேண்டாம், ஜே வேண்டாம், கடைசியில் யு வேண்டாம். பீவி சேர்ப்பதானால் எல்லாக் காகிதத்திலும் சேருங்கள், இல்லையென்றால் எதிலும் வேண்டாம். பாதியில் சேர்த்தும் பாதியில் விட்டும் வைத்தால் பிறகு என் போன்றவர்களுக்குத்தான் வருமானம்.

அவசரமும் வேண்டாம். பிறப்பை 21 நாளுக்குள் பதிந்துவிட்டால், பெயர் இல்லாமலேயே பதிவு ஆகும். ஓராண்டுக்குள் பெயரைக் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், அதற்குப் பின்னும் 15 ஆண்டு வரை கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். ஆனால் பாஸ்போர்ட் எடுக்க வேண்டியிருப்பதால் நீங்கள் அவ்வளவு நாள் காத்திருக்கமாட்டீர்கள்.

மகனுக்கு ஒரு சிறு எச்சரிக்கை. எகிப்தியர் ஸைனபைச் செல்லமாக ஸன்னூபா என்று கூப்பிடுவார்கள். எகிப்திலும் சவூதியிலும் ரப்பர் செருப்புக்கும் அதே பெயர்தான். தம்மாம் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் இதைக் கண்டுபிடிக்க ஒரு வாரம் போதும். வீட்டில் செல்லப் பெயர் வேண்டுமென்றால், ராத்தா ஏற்கெனவே வைத்திருப்பது இருக்கிறது. செய்னம்பு என்று கூப்பிட்டால் அந்த ஊரில் யாருக்கும் செருப்பு நினைவுக்கு வராது.

கடைசியாக, அரபு எழுத்தில் இந்தப் பெயரை நீங்களே சரிபார்க்கும் வழி. அரபு தெரியாவிட்டாலும் பரவாயில்லை. மொத்தம் நான்கு எழுத்து: ஸா, யா, நூன், பா. முதல் எழுத்து தனியாக வளைந்து நிற்கும். மற்ற மூன்றும் ஒன்றோடொன்று ஒட்டி, இரண்டு சின்னப் பல்லும் ஒரு படகும்போல இருக்கும். புள்ளியை எடுத்துவிட்டால் அந்த இரண்டு பல்லையும் வேறுபடுத்தவே முடியாது. வலமிருந்து பாருங்கள்: மேலே ஒன்று, கீழே இரண்டு, மேலே ஒன்று, கீழே ஒன்று. மொத்தம் ஐந்து. நடுவிலுள்ள இரண்டு பல்லுக்கும் புள்ளி மாறி, முதல் பல்லுக்குக் கீழே ஒன்றும் அடுத்ததற்குக் கீழே இரண்டும் விழுந்தால், அது ஸபீப் ஆகிவிடும். ஸபீப் என்றால் உலர்ந்த திராட்சை. இகாமா கைக்கு வந்ததும் மகனை ஒரு படம் எடுத்து அனுப்பச் சொல்லி, நீங்களும் ராத்தாவும் உட்கார்ந்து புள்ளிகளை எண்ணிப் பாருங்கள்.